ஹாரி லாடர் சிரித்தால் நாமும் சிரிப்போம்

ஒருவர் எதற்குச் சிரிக்கிறார் என்றே தெரியாமல் கூடச் சேர்ந்து நாமும் சிரிப்போமே, அப்படி ஒரு சிரிப்பை நூறு வருஷத்துக்கும் முன்னால் ஒரு மனிதர் இசைத்தட்டில் விட்டுவிட்டுப் போயிருக்கிறார். ‘ஸ்டாப் யெர் டிக்ளிங், ஜாக்’ என்று பாட்டுக்குப் பெயர். கிச்சுகிச்சு மூட்டுகிறவனை வேண்டாம் வேண்டாம் என்று தடுக்கிற ஒருத்தரின் பாட்டு, கதை அவ்வளவுதான். ஆனால் பாடுகிறவர் முதல் சரணத்தை முடிப்பதற்குள்ளேயே உடைந்துபோகிறார். வார்த்தை பாதியில் நிற்கிறது. மூச்சை இழுத்துப் பிடித்து அடுத்த வரியைத் தொடங்குகிறார், மறுபடியும் சிரிப்பு முட்டிக்கொண்டு வருகிறது, வயிற்றிலிருந்து கிளம்பித் தொண்டையில் குலுங்கி மூக்கு வழியாகவும் கொஞ்சம் வெளியேறுகிறது. தட்டின் கரகரப்பையும் மீறி நம் வீட்டுக் கூடத்தில் வந்து உட்கார்ந்துகொண்டு சிரிக்கிறார். எத்தனையோ பேருக்கு இதைப் போட்டுக் காட்டியிருக்கிறேன். முகத்தை இறுக்கமாக வைத்துக்கொண்டு கடைசிவரை கேட்ட ஒருவரையும் இதுவரை பார்க்கவில்லை.

அவர்தான் ஹாரி லாடர். ஸ்காட்லாந்தின் மியூசிக் ஹால் மேடை (பாட்டும் நகைச்சுவையும் கலந்த கேளிக்கை அரங்கம்) உலகத்துக்குக் கொடுத்த மிகப் பெரிய பாடகர், கேளிக்கையாளர், கோமாளி, கதைசொல்லி. இவருடைய பரம ரசிகன் நான். சிலருக்கு டெண்டுல்கர், சிலருக்கு சிவாஜி, எனக்கு லாடர்.

அந்தப் பழைய தட்டுகளை எப்படிப் பதிந்தார்கள் என்று தெரிந்தபிறகு என் பித்து இன்னும் முற்றிவிட்டது. 1925 வரைக்கும் ஒலிப்பதிவுக்கு மைக்ரோஃபோன் கிடையாது. சுவரில் ஒரு பெரிய தகரக் குழல் நீட்டிக்கொண்டிருக்கும். பாடகர் அதன் வாயருகே முகத்தைக் கொண்டுபோய்ப் பாட வேண்டும். உச்சஸ்தாயி வந்தால் ஓரடி பின்வாங்க வேண்டும், தணிந்து பேசும்போது மறுபடி நெருங்க வேண்டும். வாத்தியக்காரர்கள் முதுகுக்குப் பின்னால் இடித்துக்கொண்டு நிற்பார்கள். கைதட்ட ஆளில்லை, சிரிக்க ஆளில்லை. எதிரே தெரிவதெல்லாம் ஒரு தகரப் பொந்து. கூட்டத்தின் முகத்தைப் பார்த்துப் பார்த்தே வித்தை பழகிய ஒரு மேடைக் கலைஞருக்கு இதைவிடக் கொடுமை வேறென்ன வேண்டும்? ஆனால் லாடரின் தட்டைக் கேளுங்கள். இரண்டாயிரம் பேர் எதிரே உட்கார்ந்திருப்பது போலக் கண்ணடிக்கிறார்! கண்ணடிப்பதைக் கேட்க முடியுமா என்று கேட்காதீர்கள். முடியும். ஒரு சொல்லின் முதல் எழுத்துக்கு முன்னால் அரை நொடி நிற்பார், அந்த இடத்தில்தான் கண்ணடிப்பு இருக்கிறது.

அவருடைய உச்சரிப்பும் அப்படித்தான். மெல்லிய குரல்களையெல்லாம் அந்தக் குழல் விழுங்கிவிடும். இவருடைய ‘ர’கரமோ நாக்கு நுனியில் உருண்டு உருண்டு வந்து பதிவு செய்யும் மெழுகுத் தட்டில் ஆணி அடித்தாற்போல இறங்குகிறது. ‘ஐ லவ் எ லாஸி’ பாட்டை அவர் வெவ்வேறு வருஷங்களில் திரும்பத் திரும்பப் பதிந்திருக்கிறார். அவற்றை அடுத்தடுத்துப் போட்டுக் கேட்பது எனக்குப் பிடித்த மாலைப் பொழுதுபோக்கு. குரல் கொஞ்சம் கொஞ்சமாகக் கனத்துக்கொண்டே வருகிறது. எந்தச் சொல்லில் குழைய வேண்டும், எங்கே சிரிப்பை உள்ளே அடக்கிக் காட்ட வேண்டும் என்ற கணக்கு மட்டும் பிசகுவதில்லை. இது தானாக வந்த குஷி இல்லை. ஒவ்வோர் அங்குலமும் செதுக்கிச் செதுக்கி, பிறகு செதுக்கிய தடமே தெரியாமல் தேய்த்து வைத்த குஷி. நான் அவரைக் கையெடுத்துக் கும்பிடுவது இதற்காகத்தான்.

ஆளைப் பார்க்க வேண்டுமென்றால் 1930-களின் தொடக்கத்தில் எடுத்த பேசும்படத் துண்டுகள் இருக்கின்றன. அப்போது அவருக்கு அறுபது வயது. குட்டையான, கட்டுமஸ்தான உடம்பு. இடுப்பில் கட்டம்போட்ட கில்ட் பாவாடை, முன்னால் தொங்கும் ரோமப் பை, தலையில் தட்டைத் தொப்பி, கையில் பாம்பு போல முறுக்கிக்கொண்ட ஒரு கைத்தடி. அந்தத் தடியின் புகழ் எவ்வளவு என்றால், கிளைகள் சுருண்டு சுருண்டு வளரும் ஒரு ஹேசல் செடி வகையைத் தோட்டக்காரர்கள் இன்றும் ‘ஹாரி லாடரின் கைத்தடி’ என்றுதான் கூப்பிடுகிறார்கள். படத்தில் அந்தத் தடி சும்மா இருப்பதில்லை. ஊன்றி நிற்கிறார், அதையே தோளில் சாய்த்துக்கொள்கிறார், பல்லவி முடிந்து வாத்தியம் தனியாக வாசிக்கும்போது அதை வீசிக்கொண்டு மேடையைச் சுற்றி ஒரு நடை நடக்கிறார். அந்த நடை! நெஞ்சை நிமிர்த்தி, கில்ட்டின் மடிப்பு இடமும் வலமும் ஆட, ஊரே தனக்குச் சொந்தம் என்பது போல ஒரு நடை. அதற்கே காசு கொடுத்துவிடலாம்.

பாட்டுக்கும் பாட்டுக்கும் நடுவே, சில சமயம் சரணத்துக்கும் சரணத்துக்கும் நடுவிலேயே, அவர் நிறுத்திவிட்டுப் பேச ஆரம்பித்துவிடுவார். காதலியைப் பற்றி, அவளுடைய அம்மாவைப் பற்றி, கல்யாணத்துக்கு ஆகும் செலவைப் பற்றி. ஹரிகதையில் பாகவதர் கீர்த்தனையை நிறுத்திவிட்டு ஒரு கிளைக்கதைக்குள் நுழைந்து, நாம் கீர்த்தனையையே மறந்த நேரத்தில் சரியாக விட்ட அடியைப் பிடிப்பாரே, அதே வித்தைதான். பேச்சு எங்கே முடிந்து பாட்டு எங்கே தொடங்கியது என்று விரல் வைத்துச் சொல்ல முடியாது.

இப்படிப்பட்டவர் எங்கிருந்து வந்தார் என்பதுதான் என்னைக் கிறங்கடிக்கிற கதை. 1870 ஆகஸ்ட் 4-ஆம் தேதி, எடின்பரோவை ஒட்டிய கடலோர ஊரான போர்ட்டோபெல்லோவில், பிரிட்ஜ் ஸ்ட்ரீட்டில், தாய்வழித் தாத்தா வீட்டில் பிறந்தார். அப்பா ஜான் லாடர் மண்பாண்டத் தொழிலில் கைதேர்ந்தவர். பீங்கான் பாத்திர வேலைக்காகக் குடும்பத்தை இங்கிலாந்தின் டெர்பிஷயருக்கு அழைத்துப்போனார். போன இடத்தில் 1882-இல் நிமோனியா கண்டு போய்ச் சேர்ந்துவிட்டார். அம்மா இஸபெல்லா ஏழு பிள்ளைகளோடு ஸ்காட்லாந்தின் ஆர்புரோத் ஊருக்குத் திரும்பினார். மூத்தவன் ஹாரிக்குப் பன்னிரண்டு வயதுகூட நிரம்பவில்லை. சணல்வகை நார் நூற்கும் ஆலையில் பாதி நேரம் வேலை, பாதி நேரம் படிப்பு. அந்த ஊரில்தான் பதின்மூன்று வயதில் ஒரு கச்சேரி மேடையில் ஏறிப் பாடி முதல் பரிசாக ஒரு கடியாரம் வாங்கினான் பையன்.

1884-இல் குடும்பம் ஹாமில்டனுக்கு இடம்பெயர்ந்தது. அங்கே எடில்வுட் நிலக்கரிச் சுரங்கத்தில் வாரத்துக்குப் பத்து ஷில்லிங் கூலி. ஒரு பத்து வருஷம் அந்த இருட்டில் கழிந்தது. கூட வேலை செய்தவர்களுக்காகப் பாடுவான், அவர்கள் பாடச் சொல்லிக் கேட்பார்கள், பக்கத்து ஊர்க் கச்சேரிகளுக்குப் போகச் சொல்லித் தூண்டுவார்கள். லாடரின் முதல் ரசிகர் கூட்டம் முகமெல்லாம் கரி அப்பிய சுரங்கத் தொழிலாளிகள்தான். இதை நான் முக்கியமாக நினைக்கிறேன். பகலெல்லாம் குனிந்து கரி வெட்டியவனை மாலையில் நிமிர்ந்து சிரிக்கவைப்பது சாமானியமான காரியமில்லை. அவனிடம் பொய்ச் சிரிப்பு செல்லாது.

சுரங்கத்தை அவர் மறக்கவும் இல்லை. பெரிய நட்சத்திரமான பிறகு, அப்போது உள்துறை அமைச்சராக இருந்த வின்ஸ்டன் சர்ச்சிலைச் சந்தித்தபோது எதைப் பற்றிப் பேசினார் தெரியுமா? சுரங்கத்துக்குள் கரிவண்டி இழுக்கும் மட்டக்குதிரைகளைப் பற்றி. சூரியனையே பாராமல் உழைத்துச் சாகும் அந்த வாயில்லா ஜீவன்களைக் காக்கச் சட்டம் வேண்டும் என்று மன்றாடினார். 1911-இல் வந்த சுரங்கச் சட்டத்தில் அந்தக் குதிரைகளைப் பராமரிப்பதற்கான விதிகள் இடம்பெற்றன. சர்ச்சில் பின்னாளில் லாடரை ஸ்காட்லாந்தின் மாபெரும் தூதர் என்று புகழ்ந்தார்.

1891-இல் சுரங்க அதிகாரி ஒருவரின் மகள் ஆன் வாலன்ஸைக் கல்யாணம் செய்துகொண்டார். நான்ஸ் என்று செல்லப் பெயர். 1894 வாக்கில் பாட்டையே பிழைப்பாக எடுத்துக்கொண்டார்.

கிளாஸ்கோ ரசிகர்களிடம் தேறுவது அன்றைக்கு எவ்வளவு கஷ்டம் என்பதை அங்கே போய் நின்றால்தான் உணர முடியும். டிரான்கேட் தெருவில் பிரிட்டானியா பனாப்டிகன் என்று ஒரு மியூசிக் ஹால் இன்னும் இருக்கிறது. 1850-களின் கட்டடம். 1938-இல் மூடி, மேல்மாடி அரங்கம் பல காலம் பொய்க்கூரைக்குப் பின்னால் மறைந்து கிடந்ததால்தான் தப்பிப் பிழைத்திருக்கிறது. நகைச்சுவை நடிகர் ஸ்டான் லாரல் 1906-இல் முதன்முதலாக மேடையேறியது இங்கேதான். லாடர் பாடிய மேடையும்கூட. கிளாஸ்கோவில் வேலை கிடைத்துப் போனபோது நான் முதலில் தேடிப்போன இடம் எந்தக் கோட்டையும் இல்லை, இதுதான்.

படியேறி உள்ளே போனதும் ஒரே குளிர். லாடவடிவில் வளைந்த மரமாடம், உரிந்துபோன சாந்து, எதையும் புதுப்பித்துப் பளபளப்பாக்காமல் அப்படியே விட்டிருக்கிறார்கள். மேடை எவ்வளவு கிட்டத்தில் இருக்கிறது என்பதுதான் என்னை அயரவைத்தது. மாடத்தின் முன்வரிசையிலிருந்து கை நீட்டினால் பாடகரின் தொப்பியைத் தட்டிவிடலாம் போலிருக்கிறது. அக்காலத்தில் ஆயிரத்துக்கும் மேலே ஆட்களை இங்கே அடைத்திருக்கிறார்கள். கப்பல் கட்டும் தளத்திலிருந்து நேராக வந்தவர்கள் பாட்டு பிடிக்காவிட்டால் சட்டைப்பையில் இருந்த ரிவெட் ஆணிகளையே எடுத்து வீசுவார்களாம். அரங்கைக் காட்டிய தன்னார்வத் தொண்டர், வெள்ளை முடி அம்மா ஒருவர், மேடையைக் காட்டி, “அங்கே நின்று பாடிப் பாருங்களேன்” என்றார். நான் பாடவில்லை. லாடர் நின்ற பலகைமேல் நிற்பதே போதும் என்றேன். அவர் சிரித்துவிட்டு ‘ரோமின் இன் த க்ளோமின்’ பாட்டைத் தாமே முணுமுணுக்க ஆரம்பித்துவிட்டார். தப்பில்லாமல் ஒரு சரணம் முழுக்க! தன் பாட்டி சமையலறையில் பாடிக் கேட்டதாம்.

கிளாஸ்கோவின் இன்னொரு புகழ்பெற்ற மேடை ஸ்கோஷியா. அதை நடத்திய திருமதி பேலிஸிடம் இளைஞர் லாடர் தம் திறமையைக் காட்டப் போனபோது, வீட்டுக்குப் போய் இன்னும் பழகிவிட்டு வா என்று அனுப்பினாராம். லாடர் அதைச் சுமையாகச் சுமக்கவில்லை. தம் சுயசரிதையில் அந்த அம்மாளை நன்றியோடுதான் நினைவுகூர்கிறார். வீட்டுக்குப் போனார், பழகினார், வந்தார். அவ்வளவுதான்.

1900 மார்ச்சில் லண்டன். வெஸ்ட்மின்ஸ்டர் பிரிட்ஜ் ரோட்டில் கட்டி’ஸ் என்ற மியூசிக் ஹால். பட்டியலில் பெயரே கிடையாது. இடையில் ஒரு இடம் காலியானால் ஏறிக்கொள்ளும் ‘எக்ஸ்ட்ரா டர்ன்’. ஸ்காட்லாந்துப் பேச்சு லண்டனில் எடுபடாது என்று ஏஜென்ட்டுகள் எல்லாரும் அடித்துச் சொல்லிக்கொண்டிருந்த நேரம். ஓர் ஐரிஷ் நகைச்சுவைப் பாட்டோடு ‘டோபர்மோரி’, ‘த லாஸ் ஓ கில்லிகிராங்கி’ என்று தம் சொந்த ஸ்காட்டிஷ் சரக்கையும் அவிழ்த்தார். கூட்டம் விடவில்லை. அதன்பிறகு அவர் திரும்பிப் பார்க்கவே இல்லை.

இங்கே அவருடைய புத்திசாலித்தனத்தைக் கவனிக்க வேண்டும். முழு ஸ்காட்ஸ் பேச்சில் பாடினால் லண்டன்காரனுக்குப் பாதி புரியாது. சுத்த ஆங்கிலத்தில் பாடினால் லாடர் எதற்கு? ஆங்கில வாக்கியத்தை எடுத்துக்கொண்டு அதற்கு ஸ்காட்லாந்தின் ராகத்தைப் பூசினார். அங்கங்கே நாட்டுச் சொல் ஒன்றிரண்டைத் தூவினார். அர்த்தம் உலகத்துக்கெல்லாம் போய்ச் சேரும், வாசனை மட்டும் தாய்மண்ணுடையது.

1905-இல் கிளாஸ்கோ ராயல் தியேட்டரில் அலாவுதீன் பாண்டமைம், அதாவது பாட்டும் கூத்தும் கலந்த கேளிக்கை நாடகம். அதில்தான் ‘ஐ லவ் எ லாஸி’ அரங்கேறியது. ஒரு பாட்டு ஒரு தேசத்தின் வாயில் ஏறி உட்கார்ந்துகொள்வது என்றால் இதுதான். 1911 வாக்கில் ‘ரோமின் இன் த க்ளோமின்’. அந்தி மயங்கும் நேரத்தில் கிளைட் ஆற்றங்கரையில் காதலியோடு நடக்கிற பாட்டு, நடையின் தாளத்திலேயே அமைந்தது. இதைக் கேட்டுக்கொண்டே நடந்து பாருங்கள், கால் தானாக அதன் லயத்துக்கு வந்துவிடும். 1912-இல் லண்டன் பேலஸ் தியேட்டரில், ஐந்தாம் ஜார்ஜ் மன்னர் முன்னிலையில் நடந்த முதல் ராயல் கமாண்ட் வெரைட்டி நிகழ்ச்சியிலும் லாடர் இருந்தார். கரிச்சுரங்கத்துப் பையன்!

காதல் பாட்டுகளையே எல்லாரும் சொல்கிறார்கள். என் ஓட்டு ‘த ஸாஃப்டஸ்ட் ஓ த ஃபேம்லி’க்கு. வீட்டில் உள்ளவர்களிலேயே மந்தப் பையன் என்று பெயர் வாங்கிய ஒரு சிறுவன் பேசுகிற பாட்டு. லாடர் அந்தப் பையனைக் கேலி செய்யவே இல்லை. குரலை மெல்லச் சுருக்கி, மூக்கை உறிஞ்சி, அந்தப் பையனாகவே மாறிவிடுகிறார். நாம் சிரிக்கிறோம், ஆனால் பையன் பக்கம் நின்றுகொண்டு சிரிக்கிறோம். இது எவ்வளவு பெரிய விஷயம்! எத்தனை நகைச்சுவைக் கலைஞர்களால் இது முடிந்திருக்கிறது?

அமெரிக்கா அவரை வாரி எடுத்துக்கொண்டது. 1907-இல் முதல் பயணம். அதன்பிறகு கால் நூற்றாண்டுக்கு ஏறக்குறைய வருஷந்தோறும் போய்வந்தார். மொத்தம் 22 அமெரிக்கச் சுற்றுப்பயணங்கள். வில்லியம் மாரிஸ் என்ற பெரும் ஏஜென்ட் ஏற்பாடு செய்ய, அவருக்கென்றே தனி ரயில் ஓடியது. ஓர் ஊரில் இரவு கச்சேரி, ரயிலில் தூக்கம், விடிந்தால் அடுத்த ஊர். உலகத்திலேயே அதிகச் சம்பளம் வாங்கும் மேடைக் கலைஞர் என்று பேசப்பட்டார். பத்து லட்சம் தட்டுகள் விற்ற முதல் பிரிட்டிஷ் கலைஞரும் அவர்தான். ஆஸ்திரேலியா, தென்னாப்பிரிக்கா, கனடா என்று ஸ்காட்லாந்துக்காரர்கள் பிழைக்கப்போன இடங்களுக்கெல்லாம் கப்பலேறினார். பனிகொட்டும் கனடாவில் ஊரைப் பிரிந்து இருபது வருஷமான ஒருவன் அந்தக் கில்ட்டைப் பார்த்து அந்த ‘ர’கரத்தையும் கேட்டால் என்ன ஆவான்? புலம்பெயர்ந்து வாழ்ந்தவர்களுக்கு இதை நான் விளக்க வேண்டியதில்லை.

அவரைப் பிடிக்காதவர்களும் இருந்தார்கள், இன்றும் இருக்கிறார்கள். கவிஞர் ஹ்யூ மக்டியார்மிட் லாடர்மீது அனல் கக்கினார். கில்ட், விஸ்கி, கஞ்சத்தனம், கோணல் தடி என்று ஒரு பொம்மை ஸ்காட்லாந்தை உலகத்துக்கு விற்றுவிட்டார், உண்மையான ஸ்காட்லாந்தை அது மறைத்துவிட்டது என்பது குற்றச்சாட்டு. மக்டியார்மிட் பெரிய கவி. அவருடைய கோபம் எங்கிருந்து வந்தது என்பது எனக்குப் புரிகிறது. லாடரின் உடை ஹைலேண்ட் மலைநாட்டு உடை, அவர் வளர்ந்ததோ தாழ்நிலத்துத் தொழில் ஊரில். ஆனாலும் நான் லாடர் கட்சிதான். அந்த உடையை எடுத்துவிட்டு, தட்டில் குரலை மட்டும் கேளுங்கள். பொம்மைக்கு அப்படிச் சிரிக்கத் தெரியாது. கஞ்சன் வேஷமும் வேஷம்தான். 1917-இல் ஊனமுற்றுத் திரும்பிய ஸ்காட்டிஷ் சிப்பாய்களும் மாலுமிகளும் மறுபடி பிழைப்பைத் தொடங்குவதற்காகப் பத்து லட்சம் பவுண்டு நிதி திரட்டப் புறப்பட்ட மனிதரைக் கஞ்சன் என்று யார் சொல்வது?

முதல் உலகப்போர்தான் அவரைப் பிளந்தது. 1914 ஆகஸ்ட் 4, லாடருக்கு 44-ஆவது பிறந்தநாள். அன்றுதான் பிரிட்டன் போரில் இறங்கியது. லாடர் அப்போது ஆஸ்திரேலியாவில் சுற்றுப்பயணத்தில் இருந்தார். ஒரே மகன் ஜானும் உடனிருந்தான். கேம்பிரிட்ஜில் படித்தவன், அருமையாகப் பியானோ வாசிப்பவன். அழைப்பு வந்ததும் தன் படைப்பிரிவில் சேரக் கிளம்பிவிட்டான். தந்தை தம் செலவில் பைப் வாத்தியக் குழுவை ஊர் ஊராக அனுப்பி ராணுவத்துக்கு ஆள் சேர்த்தார். அவர் வாழ்க்கையின் இந்தப் பகுதியைப் படிக்கும்போது எனக்கு மனம் கனக்கும். அவர் நம்பிச் செய்தார். அந்த நம்பிக்கைக்குத் தம் மகனையே கொடுத்தார். 1916 டிசம்பர் 28 அன்று பிரான்சில், பொஸியேரில், காப்டன் ஜான் லாடர் கொல்லப்பட்டான்.

தந்தி 1917 புத்தாண்டு தினத்தன்று லண்டனில் லாடர் கைக்கு வந்தது. அப்போது அவர் ஷாஃப்ட்ஸ்பரி தியேட்டரில் ‘த்ரீ சியர்ஸ்’ என்ற நிகழ்ச்சியில் நடித்துக்கொண்டிருந்தார். அவர் இல்லாமல் நிகழ்ச்சி இல்லை. நிகழ்ச்சி இல்லாவிட்டால் எத்தனையோ பேருக்குக் கூலி இல்லை. சில நாட்களிலேயே மேடைக்குத் திரும்பினார். அந்த நிகழ்ச்சியின் உச்சப் பாட்டு எது என்று நினைக்கிறீர்கள்? போரில் வென்று வீடு திரும்பும் பையன்களைப் பற்றியது. நிஜமான சிப்பாய்களே சீருடையோடு மேடையில் அணிவகுத்து வருவார்கள். மகனை இழந்த அப்பா அவர்கள் முன்னால் நின்று, வெற்றியோடு திரும்பும் பையன்களைப் பற்றிப் பாட வேண்டும். பாடினார். அரங்கத்துக்கு அவர் கதை தெரியும். சிரிக்கவும் வைத்தார். பிறகு திரைக்குப் பின்னால் போய் இடிந்து விழுந்தார்.

அதே வருஷம் ஜூன் மாதம் பிரான்சுக்குப் போனார், படைவீரர்களுக்குப் பாட. காரின் பின்னால் ஒரு சின்னஞ்சிறு பியானோவைக் கட்டி ஏற்றிக்கொண்டார்கள். உடன் வந்தவர்கள் ஒரு பாதிரியாரும் ஒரு நாடாளுமன்ற உறுப்பினரும். மூன்று பேரின் பட்டங்களையும் ஒன்றாகச் சேர்த்து ‘ரெவரண்ட் ஹாரி லாடர் எம்.பி. சுற்றுலா’ என்று தமாஷாகப் பெயர் வைத்துக்கொண்டார்கள். பீரங்கிச் சத்தம் கேட்கும் தூரத்தில், குண்டு தோண்டிய பள்ளங்களின் சரிவுகளில் சிப்பாய்கள் உட்கார்ந்திருக்க, அவர் கில்ட்டோடு நின்று ‘ஐ லவ் எ லாஸி’ பாடினார். வழியில் ஓவியேர் இடுகாட்டில் மகனின் கல்லறைக்கும் போனார். ‘எ மின்ஸ்ட்ரல் இன் ஃபிரான்ஸ்’ என்று இதையெல்லாம் புத்தகமாக எழுதியிருக்கிறார். அந்தப் புத்தகத்தைப் படித்துவிட்டு அவருடைய சிரிப்புத் தட்டைப் போட்டால், கேட்பது வேறு சிரிப்பாக இருக்கும். 1919-இல் அவருக்கு ஸர் பட்டம் வந்தது. மியூசிக் ஹால் கலைஞர் ஒருவருக்கு அந்தப் பட்டம் கிடைத்தது அதுவே முதல் தடவை.

மகனை இழந்த துயரத்திலிருந்து ஒரு பாட்டு பிறந்தது: ‘த எண்ட் ஆஃப் த ரோட்’. சாலையின் கடைசிவரை நடந்துகொண்டே இரு என்கிற பாட்டு. இதில் சோகம் பிழியும் வேலையே கிடையாது என்பதைக் கவனியுங்கள். அணிவகுப்புத் தாளம், எளிய மெட்டு, ஒருதரம் கேட்டால் கூடப் பாடிவிடலாம். அழுவதற்கு எல்லாக் காரணமும் உள்ள ஒருவர் அழமாட்டேன் என்று சொல்லாமல், அழு என்றும் சொல்லாமல், வா, நடக்கலாம் என்று தோளில் கை போடுகிறார். மைக்ரோஃபோன் வந்தபிறகு அவர் பதிந்த தட்டுகளில் இந்தக் குரலின் நுணுக்கமெல்லாம் தெளிவாகக் கேட்கிறது. நான் இதைப் போட்டுவிட்டு வேறு வேலை பார்ப்பதில்லை. உட்கார்ந்து கேட்பேன்.

நான்ஸ் 1927-இல் போய்விட்டார். ஆர்கைல் பக்கம் க்ளென்பிராண்டரில், மகனுக்கு எழுப்பிய நினைவுத்தூண் அருகே அவரை அடக்கம் செய்தார்கள். சாலையோரத்துச் சின்ன மேட்டின்மேல் அந்தத் தூண் நிற்கிறது. சுற்றிலும் காடும் மலையும். அதற்கு அருகிலுள்ள ஸ்ட்ராகர் பக்கம் போகிற தமிழர்கள் யாராவது இருந்தால் ஐந்து நிமிடம் வண்டியை நிறுத்திவிட்டு ஏறிப் பாருங்கள். லாடர் 1930-களில் ஓய்வு பெற்றார் என்று பெயர்தான். இரண்டாம் உலகப்போர் வந்ததும் எழுபதை நெருங்கிய வயதில் மறுபடி கில்ட்டைக் கட்டிக்கொண்டு சிப்பாய்களுக்குப் பாடப் புறப்பட்டுவிட்டார், வானொலியிலும் பாடினார். 1950 பிப்ரவரி 26 அன்று ஸ்ட்ராதேவனில் தம் வீட்டில் காலமானார். ஹாமில்டனில், அம்மாவின் பக்கத்தில் புதைத்தார்கள். சவ ஊர்வலத்தை முன்னின்று நடத்தியவர் ஹாமில்டன் பிரபு. அந்த ஊரில்தான் லாடர் வாரம் பத்து ஷில்லிங்குக்குக் கரி வெட்டியிருந்தார்.

புதிதாகக் கேட்க வருகிறவர்களுக்கு என் வரிசை இது: முதலில் ‘ஸ்டாப் யெர் டிக்ளிங், ஜாக்’, கட்டாயம் நாலு பேரோடு சேர்ந்து. அடுத்து ‘த ஸாஃப்டஸ்ட் ஓ த ஃபேம்லி’. பிறகு காலை நடைக்கு ‘ரோமின் இன் த க்ளோமின்’. ‘த எண்ட் ஆஃப் த ரோட்’ பாட்டைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். அதற்கு இரண்டு பதிவுகள் வேண்டும். ஒன்று லாடர் பாடியது. இன்னொன்று பர்மிங்ஹாம் சிட்டி கால்பந்துக் கிளப்பின் மைதானத்தில் ரசிகர்கள் பாடுவது. 1956 எஃப்.ஏ. கோப்பைப் போட்டிகளின்போது அந்த அணியில் ஆடிய அலெக்ஸ் கோவன் என்ற ஸ்காட்லாந்து வீரர் தமக்குப் பிடித்த இந்தப் பாட்டைச் சக வீரர்களுக்குத் தொற்றவைத்தார், அவர்களிடமிருந்து கேலரிக்குப் போனது, அணி வெம்ப்ளி இறுதியாட்டம்வரை போனது. இறுதியாட்டத்தில் தோற்றார்கள். பாட்டை விடவில்லை. இன்றைக்கும் செயின்ட் ஆண்ட்ரூஸ் மைதானத்தில் அதுதான் அவர்களுடைய பாட்டு. தோற்றுக்கொண்டிருக்கும் ஆட்டமாகப் பார்த்துத் தேடிக் கேளுங்கள். அப்போதுதான் இன்னும் சத்தமாகப் பாடுகிறார்கள்.